அத்தானின் கணக்கில் என் கடவுச்சொற்கள்

அத்தான் நல்லவர். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் நான் கோபப்பட்ட ஒவ்வொரு முறையும் வீட்டில் எல்லோரும் எனக்குச் சொன்ன பதில் அதுதான். அக்காவைக் கட்டி இருபது வருடம் ஆகிறது. குடித்ததில்லை, கை ஓங்கியதில்லை. அப்பா இறந்தபோது மருத்துவமனைக்கும் பதிவு அலுவலகத்துக்கும் ஓடி ஓடி எல்லாப் படிவங்களையும் நிரப்பியவர் அவர்தான். நான் கார் வாங்கியபோது கூடவே வந்து, விற்பனைக்காரரிடம் எனக்காகப் பேரம் பேசியவரும் அவர்தான்.

நான் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. சிங்கப்பூர் எல்லையை ஒட்டிய பெர்மாஸ் ஜெயாவில் ஓர் அடுக்குமாடி வீட்டில் தனியாக இருக்கிறேன். பாசிர் கூடாங்கில் கப்பல் சரக்கு அனுப்பும் நிறுவனம் ஒன்றில் வேலை. குழாய் ஒழுகினாலும் சரி, வைஃபை நின்றுபோனாலும் சரி, அத்தானைக் கூப்பிடுவதுதான் பழக்கம். அவர் சிங்கப்பூரில் ஒரு தொழிற்சாலையில் இயந்திரங்களைப் பார்த்துக்கொள்பவர். சனிக்கிழமையானால் கருவிப் பையோடு வந்துவிடுவார்.

நான்கு வருடத்துக்கு முன் என் மடிக்கணினி செத்துப்போனது. புதிது வாங்கக் கிளம்பிய என்னைத் தடுத்து, தன் பழையதைக் கொண்டுவந்து கொடுத்தார். அதில் இணையம் பார்க்கும் பிரவுசரில் அவருடைய கணக்கு ஏற்கனவே திறந்திருந்தது. அதை மூடிவிட்டு எனக்கென்று ஒன்று திறந்திருக்கலாம். ஐந்து நிமிட வேலை. அவர் செய்யவில்லை, நானும் கேட்கவில்லை. கேட்கத் தெரியவில்லை. அதற்கு மேல், என் கைப்பேசியையும் வாங்கி அதிலும் தன் கணக்கையே போட்டுவிட்டார்.

"சேவ் பண்ணவான்னு கேட்டா சேவ் குடுத்துடு. லாப்டாப்ல போட்டது போன்லயும் வரும். நீ எதையும் ஞாபகம் வச்சுக்க வேணாம்," என்றார்.

உண்மையிலேயே வசதியாகத்தான் இருந்தது. வங்கி, வருமான வரி, மின்னஞ்சல், துணிக்கடை எல்லாவற்றுக்கும் கேட்டபோதெல்லாம் 'சேவ்' கொடுத்தேன். பிரவுசரின் வலது மூலையில் ஒரு சின்ன வட்டத்துக்குள் அவர் பெயரின் முதல் எழுத்து இருக்கும். மூன்று வருடமாகத் தினமும் பார்த்தேன். பழைய புத்தகத்தில் முன்பு வைத்திருந்தவர் பெயர் இருக்குமே, அதுபோல என்று நினைத்துக்கொண்டேன்.

போன வருடம், குளிக்கும்போது இடது மார்பில் ஒரு கட்டி கையில் தட்டுப்பட்டது. யாரிடமும் சொல்லவில்லை. அம்மா பாலோ என்ற ஊரில் சின்னம்மாவோடு இருக்கிறார். தலைவலி என்றாலே அழத் தொடங்கிவிடுவார். அக்காவுக்கு எதையும் மனதுக்குள் வைத்துக்கொள்ளத் தெரியாது. அதெல்லாம் ஒரு பக்கம். உண்மையான காரணம் வேறு. அது என்ன என்று முதலில் நான் தெரிந்துகொள்ள வேண்டும், அதற்குப் பிறகு யாருக்குச் சொல்வது, எப்போது சொல்வது என்று நானே முடிவு செய்ய வேண்டும் என்று நினைத்தேன். நாற்பத்து மூன்று வயதில் அந்த அளவு உரிமை எனக்கு உண்டு என்று நம்பினேன்.

தனியார் மருத்துவமனை ஒன்றுக்குப் போனேன். படம் எடுத்தார்கள். ஊசி போட்டுச் சதைத் துணுக்கு எடுத்தார்கள். மருத்துவர் ஒரு சீனப் பெண்மணி, நிதானமாகப் பேசுபவர். அறிக்கை மருத்துவமனையின் இணையப் பக்கத்தில் வியாழனோ வெள்ளியோ வந்துவிடும் என்றும், ஆனால் அதை நான் தனியாகத் திறக்க வேண்டாம் என்றும் சொன்னார். மருத்துவச் சொற்கள் தனியாகப் படிப்பவரைப் பயமுறுத்தும். செவ்வாய்க்கிழமை வா, இருவரும் சேர்ந்து படிப்போம் என்றார். வீட்டுக்கு வந்து அந்த இணையப் பக்கத்தில் பதிவு செய்துகொண்டேன். கடவுச்சொல்லைச் சேமிக்கவா என்று பிரவுசர் கேட்டது. வழக்கம்போல 'சேவ்' கொடுத்தேன்.

வியாழக்கிழமை சாயங்காலம், அறிக்கை தயார் என்று குறுஞ்செய்தி வந்தது. நான் திறக்கவில்லை. இதைப் பெருமையாகச் சொல்லவில்லை. அது சுலபமாக இருக்கவில்லை என்பதற்காகச் சொல்கிறேன். வெள்ளிக்கிழமை அலுவலகத்தில் ஒரே கொள்கலனுக்கு இரண்டு முறை ஆவணம் தயாரித்துவிட்டேன். சனிக்கிழமை வீடு முழுக்கத் துடைத்தேன். மடிக்கணினியை அலமாரிக்குள் வைத்துக் கதவைச் சாத்தினேன். மருத்துவரின் வார்த்தையை நான் காப்பாற்றினேன்.

ஞாயிறு காலை தமிழ்ப் பூசைக்குப் போனேன். அக்கா குடும்பமும் அதே தேவாலயத்துக்குத்தான் வருவார்கள். அன்று அவர்கள் முன்வரிசையில் இருந்தார்கள். நான் தாமதமாகப் போனதால் பின்னால் நின்றேன். மன்றாட்டு வாசிக்கும் பெண்மணி, நம் பங்கு ஆலயத்தைச் சேர்ந்த ஒரு சகோதரி புற்றுநோயால் துன்பப்படுகிறார், அவருக்காக வேண்டுவோம் என்று வாசித்தார். எல்லோரோடும் சேர்ந்து நானும் பதில் சொன்னேன். யாரோ பாவம் என்று நினைத்தேன். இன்னும் இரண்டு நாளில் நானும் அந்த இடத்தில் நிற்கலாம் என்று தோன்றியதால், அந்த முகம் தெரியாதவளுக்காகக் கண்ணை மூடிக் கூடுதலாகவும் வேண்டிக்கொண்டேன்.

பூசை முடிந்து வெளியே வந்ததும் ஒரு வயதான அம்மா என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். இன்னொருவர் முதுகைத் தடவினார். "தைரியமா இரு மா. இப்பல்லாம் எவ்வளவோ மருந்து வந்துருச்சு," என்றார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. வேறு யாரோ என்று நினைத்துவிட்டார்கள் போல என்று சிரித்துக்கூட வைத்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கும் உடம்பு கூசுகிறது.

கார் நிறுத்தும் இடத்தில் அக்கா வந்து என்னைக் கட்டிக்கொண்டு விம்மினாள்.

"ஏன்டி என்கிட்ட சொல்லல? நான் என்ன செத்தா போயிட்டேன்?"

"என்ன சொல்லல?"

"ரிப்போர்ட்ட அவரு பாத்துட்டாரு. எங்க எல்லாருக்கும் தெரியும்."

இப்படித்தான் தெரிந்துகொண்டேன். வெயிலில், இரண்டு கார்களுக்கு நடுவில், ஹாரன் சத்தத்தில். எனக்குப் புற்றுநோய் என்று. அது உண்மையா பொய்யா என்று கேட்கும் நினைப்புகூட அந்த நேரத்தில் வரவில்லை.

அவர்கள் வீட்டுக்குப் போனோம். மேசையில் கோழிக்குழம்பு, சோறு எல்லாம் மூடி வைத்திருந்தது. அத்தான் என்னை நாற்காலியில் உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, ஒரு சின்னப் பிள்ளைக்கு விளக்குவதுபோல் மெதுவாகப் பேசினார்.

"லிஸ்ட்ல ஆஸ்பத்திரி பேரு புதுசா வந்துச்சு. நீ தனியா இருக்கற பொண்ணு. என்னமோ ஏதோன்னு பயந்துட்டேன். உள்ள போயிப் பாத்தேன்."

"எந்த லிஸ்ட்?"

"பாஸ்வேர்ட் லிஸ்ட் லா. என் போன்லயும் வரும்ல. அப்பப்பப் பாப்பேன், ஏதாச்சும் ஏமாத்துற வெப்சைட்ல நீ மாட்டிக்கக் கூடாதுன்னு."

கைப்பேசியை நீட்டிக் காட்டினார். அவரிடம் கூச்சமோ பயமோ இல்லை. ஒழுகும் குழாயை அடைத்துவிட்டுக் காட்டுவாரே, அதே முகம். திரையில் வரிசையாக என் வங்கி, என் மின்னஞ்சல், என் அலுவலகம். ஒவ்வொன்றுக்கும் எதிரே புள்ளிகள். விரல் வைத்தால் எழுத்தாக மாறும்.

இது என்னுடையது, நீங்கள் பார்த்திருக்கக் கூடாது என்றேன். குரல் உயர்ந்துவிட்டது. அத்தான் முகம் சுருங்கியது. "நான் என்ன வெளியாளா?" என்றார். அக்கா உடனே அவர் பக்கம் நின்றுகொண்டாள். நல்லதுக்குத்தானே செய்தார், இரண்டு நாளாக அவர் சாப்பிடவே இல்லை, ஃபாதரிடம் சொல்லி மன்றாட்டில் சேர்க்கச் சொன்னதே அவர்தான் என்றாள். நான் சாப்பிடாமல் கிளம்பினேன். குழம்பையாவது டப்பாவில் எடுத்துப் போ என்று அக்கா வாசல்வரை வந்தாள். எனக்கு அந்த டப்பாவை வாங்கி எறிய வேண்டும்போல் இருந்தது. வாங்காமல் வந்தேன்.

திரும்பும் வழியில், சிவப்பு விளக்கில் நின்றபோது இன்னொன்று ஞாபகம் வந்தது. இரண்டு வருடத்துக்கு முன் ஒரு திருமண இணையப் பக்கத்தில் பெயர் கொடுத்திருந்தேன். குளுவாங்கில் ஆசிரியராக இருக்கும் ஒருவர், மனைவியைப் பிரிந்தவர், என்னோடு சில வாரம் எழுதிக்கொண்டிருந்தார். அது யாருக்கும் தெரியாது. அந்த நேரத்தில் ஒருநாள் சாப்பாட்டு மேசையில், விவாகரத்து ஆனவர்கள் இணையத்தில் பெண்களை எப்படி ஏமாற்றுகிறார்கள் என்று அத்தான் சம்பந்தமே இல்லாமல் பேசினார். பொதுவாகச் சொல்கிறார் என்று நினைத்தேன். ஆனால் அந்தப் பேச்சு மனதில் உட்கார்ந்துகொண்டது. அந்த ஆசிரியருக்குப் பதில் எழுதுவதை மெல்ல நிறுத்திவிட்டேன். அன்று காருக்குள் எல்லாம் ஒன்றாகச் சேர்ந்தது. பின்னாலிருந்தவர் ஹாரன் அடித்த பிறகுதான் விளக்கு பச்சையானது தெரிந்தது.

சாயங்காலம் அம்மா பாலோவிலிருந்து கூப்பிட்டார். அழுகை. அப்பாவை எடுத்துக்கொண்டது போதாதா என்று கடவுளிடம் சண்டை. எனக்கு ஆறுதல் சொல்ல வேண்டியவர். ஆனால் ஒரு மணி நேரம் நான்தான் அவருக்கு ஆறுதல் சொன்னேன். என் சாவைப் பற்றி என்னிடமே அழுத அம்மாவைச் சமாதானப்படுத்தினேன். அவர்மேல் எனக்குக் கோபம் இல்லை. அந்த அழுகையை எனக்கு முன்பாக அவரிடம் கொண்டுபோய்க் கொடுத்தவர்மேல்தான் கோபம்.

அதற்குப் பிறகும் அறிக்கையை நான் திறக்கவில்லை. பிடிவாதம்தான். எல்லோரும் படித்த பிறகு ஒளிந்திருந்து படிப்பவளாக இருக்க விருப்பமில்லை.

திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். எங்கள் அலுவலகத்தில் கணினிகளைப் பார்த்துக்கொள்வது ஒரு தமிழ் முஸ்லிம் பெண், முப்பது வயதுகூட இருக்காது. அப்பா மாசாயில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். மூத்த பெண்கள் எல்லோரையும்போல என்னையும் மலாய் வழக்கில் 'காக்', அதாவது அக்கா, என்பாள். மதிய உணவு நேரத்தில் மடிக்கணினியை அவள் முன்னால் வைத்து, நடந்ததைச் சுருக்கமாகச் சொன்னேன். நோயைப் பற்றிச் சொல்லவில்லை; என் கணக்கை ஒருவர் படிக்கிறார் என்று மட்டும் சொன்னேன். அவள் வலது மூலையிலிருந்த வட்டத்தைப் பார்த்துத் திடுக்கிட்டாள்.

"அலமாக். காக், இது உங்க அக்கவுண்டே இல்ல. நீங்க சேவ் பண்ணினது எல்லாம் மூணு வருஷமா அவருக்குத்தான் போயிட்டு இருக்கு."

பிறகு அந்தப் பட்டியலை எனக்குத் திறந்து காட்டினாள். அப்படி ஒன்று இருப்பதே எனக்கு அதுவரை தெரியாது. என்னுடையவற்றுக்கு நடுவே அவருடையவையும் இருந்தன. ஒரே கணக்கு அல்லவா. என்னுடையது அங்கே போனதுபோல அவருடையது இங்கேயும் வந்திருக்கிறது. அவர் சிங்கப்பூர் வங்கி. அவர் மின்னஞ்சல். அவர் தொழிற்சாலையின் சம்பளப் பக்கம்.

ஒரு விரல் வைத்தால் போதும். நான் நல்லவள் என்று காட்டிக்கொள்ள இதைச் சொல்லவில்லை. ஆசை வந்தது. அவர் மின்னஞ்சலைத் திறந்து, உள்ளே இருப்பதையெல்லாம் அடுத்த ஞாயிறு மன்றாட்டில் வாசிக்கக் கொடுக்க வேண்டும் என்று அவ்வளவு ஆத்திரம் வந்தது. அவள் என் முகத்தைப் பார்த்தாளோ என்னவோ, தண்ணீர் எடுத்துவருகிறேன் என்று எழுந்து போய்விட்டாள். நான் அந்தத் திரையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். திறக்கவில்லை. திறந்திருந்தால் அவர் செய்தது சரி என்று ஆகியிருக்கும்.

அன்று வேலை முடிந்த பிறகு அவள் கூட இருந்து எல்லாவற்றையும் மாற்றிக்கொடுத்தாள். எனக்கென்று புதுக் கணக்கு. வேறு எங்கும் பயன்படுத்தாத நீளமான கடவுச்சொல்; அது தெரிந்தாலும் என் கைப்பேசியில் நான் சம்மதித்தால்தான் உள்ளே போக முடியும் என்று இரண்டாவது பூட்டு. இரண்டு கருவிகளுக்கும் இடையே கடவுச்சொற்கள் போய்வருவதற்குத் தனியாக ஒரு ரகசியச் சொற்றொடர். அது என் தலைக்குள் மட்டும்தான் இருக்கும், மறந்தால் அந்த நிறுவனத்தாலும் மீட்க முடியாது என்றாள். பழைய பட்டியலிலிருந்து என்னுடையதை அழித்தால் போதாதா என்று கேட்டேன். போதாது, பார்த்தவர் எழுதி வைத்திருக்கலாம், முதலில் ஒவ்வொரு கடவுச்சொல்லையும் மாற்ற வேண்டும், அப்புறம்தான் அழிக்க வேண்டும் என்றாள். மின்னஞ்சலில் தொடங்கினோம். கடவுச்சொல் மறந்தால் மீட்பதற்குக் கொடுத்திருந்த எண் அத்தானுடையது. அதைப் பார்த்ததும் சிரிப்பு வந்தது, நல்ல சிரிப்பு இல்லை. வங்கி, வரி, மருத்துவமனை என்று நாற்பத்தொரு இடங்கள். ஒவ்வொன்றிலும் புதிதாக மாற்றி, மற்றக் கருவிகள் எல்லாவற்றிலிருந்தும் வெளியேற்றி, கடைசியாக அவர் கணக்கை மடிக்கணினியிலிருந்தும் கைப்பேசியிலிருந்தும் எடுத்தோம். அந்த வட்டத்தில் என் எழுத்து வந்தது.

செவ்வாய்க்கிழமை மருத்துவர் அறிக்கையைத் திறந்து, என்னோடு சேர்ந்து வரிவரியாகப் படித்தார். புற்றுநோய் இல்லை. சில செல்கள் வழக்கத்துக்கு மாறாக இருக்கின்றன; அந்த இடத்தைச் சின்ன அறுவை சிகிச்சையில் எடுத்துச் சோதிக்க வேண்டும், அதற்குப் பிறகு ஆறு மாதத்துக்கு ஒருமுறை பார்க்க வேண்டும். நான் அழாமல் இருப்பதைப் பார்த்து அவருக்கு ஆச்சரியம். நடந்ததைச் சொன்னேன். உன் அத்தான் 'புற்றுநோய்' என்ற ஒரு சொல்லைத்தான் படித்திருக்கிறார், அது இருந்த வாக்கியத்தைப் படிக்கவில்லை என்றார்.

அக்காவிடம் சொன்னேன். அன்றே எல்லோருக்கும் தெரிந்தது. கடவுளுக்கு நன்றி, மன்றாட்டு பலித்தது என்றார்கள். அத்தான் சிரித்த முகப் படங்களோடு குடும்பக் குழுவில் செய்தி போட்டார். யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை. நல்ல செய்தி வந்துவிட்டதாம், பிறகு என்ன கோபம் என்றார்கள். இல்லாத நோயை எனக்குக் கொடுத்துவிட்டு, அதை எடுத்துவிட்டதற்காக நன்றி சொல்லச் சொல்கிறார்கள். அடுத்த ஞாயிறு பூசைக்குப் போனபோது, எத்தனை ஊசி போட்டார்கள், முடி கொட்டுமா என்று, நல்ல செய்தி எட்டாத ஒருவர் கேட்டார். அதற்குப் பிறகு மாதக்கணக்கில் நான் வேறு தேவாலயத்தில் ஆங்கிலப் பூசைக்குப் போனேன்.

அறுவை சிகிச்சைக்கு அலுவலகப் பெண்தான் கூட வந்தாள். வீட்டுக்கு வந்த பிறகுதான் அக்காவுக்குச் சொன்னேன். எடுத்த சதையிலும் பயப்பட ஒன்றும் இல்லை என்று முடிவு வந்த பிறகு, ஒரு வேலை நாளில், அத்தான் சிங்கப்பூர் போயிருந்த நேரத்தில், அக்கா மீன் கஞ்சி எடுத்துக்கொண்டு வந்தாள். சண்டைக்குத் தயாராகத்தான் இருந்தேன். அவள் கஞ்சியை ஊற்றிக் கொடுத்தாள், தையல் வலிக்கிறதா என்று கேட்டாள், பாத்திரத்தைக் கழுவினாள். கையைத் துடைத்துவிட்டுத் தன் கைப்பேசியை எடுத்து மேசைமேல் வைத்தாள்.

"உனக்குச் செஞ்ச மாதிரி எனக்கும் செஞ்சு குடு."

அவளையே பார்த்தேன்.

"ஏன்னு கேக்காத," என்றாள்.

கேட்கவில்லை. கேட்க எனக்கு என்ன உரிமை? ஆனால் அந்தக் கைப்பேசியைத் திறந்தபோதுதான் எனக்குப் புரிந்தது. இருபது வருடம் அவரோடு வாழ்ந்தவள், அன்று தன் வீட்டில் அவர் பக்கம் பேசியவள், எனக்கு நடந்தது தனக்கும் தினமும் நடக்கிறது என்று தெரிந்தே பேசியிருக்கிறாள். அவள்மேலும் கோபம் வந்தது. அவளுக்காகவும் வந்தது. இரண்டையும் பிரித்துப் பார்க்க என்னால் முடியவில்லை. நான் கற்றுக்கொண்ட வரிசையிலேயே செய்தேன். ரகசியச் சொற்றொடர் போடும் இடம் வந்ததும், நீயே யோசித்துப் போடு, என்னிடம் சொல்லாதே, எங்கேயும் எழுதாதே என்று சொல்லிவிட்டு எழுந்து பால்கனிக்குப் போய்விட்டேன். திரும்பி வர ரொம்ப நேரம் ஆனது. அவள் ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தேடி அடித்துக்கொண்டிருந்தாள்.

பத்து நாள் கழித்து அத்தான் கூப்பிட்டார்.

"நீதான் அவளுக்குச் சொல்லிக் குடுத்தியா?"

"ஆமா."

"குடும்பத்துக்குள்ள எதுக்கு மா பூட்டு? நாங்க என்ன திருடங்களா?"

"நீங்க தொறந்து பாத்தீங்க அத்தான். அதனாலதான்."

அவர் போனை வைத்துவிட்டார்.

பழைய மடிக்கணினியில் இருந்ததை முழுவதுமாக அழித்து, ஒரு பையில் போட்டு அக்காவிடம் திருப்பிக் கொடுத்தேன். புதிது ஒன்று வாங்கிக்கொண்டேன். கிறிஸ்துமஸுக்கு அவர்கள் வீட்டுக்குப் போனேன். அவர் எனக்குத் தட்டு எடுத்துக் கொடுத்தார், நான் வாங்கிக்கொண்டேன், பேசவில்லை. அக்கா எங்கள் இருவரையும் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள். குழாய் ஒழுகினால் இப்போது கீழ்மாடியில் இருக்கும் மலாய்க்காரரைக் கூப்பிடுகிறேன்.

அம்மா வாரத்துக்கு ஒருமுறை கேட்கிறார். எத்தனை நாளைக்கு இப்படி, உனக்காக எவ்வளவு செய்தவர், நீயே முதலில் பேசிவிடு என்கிறார். செய்ததையெல்லாம் நான் மறக்கவில்லை, அப்பாவின் காகிதங்களைக்கூட மறக்கவில்லை என்று சொல்கிறேன். ஆனால் அவர் என்னிடம் செய்தது தப்பு என்று அவர் வாயால் ஒருமுறை சொல்லட்டும். அதுவரை நான் பேசுவதாக இல்லை.